திங்கட்கிழமை தோண்டாத குழி

பதினெட்டாயிரத்து அறுநூற்றைம்பது யூரோ.

ஃபெஸ்டி லாவெல் தன் தங்கை அட்ராக்டாவுக்குத் தர வேண்டிய கடன் அது. அப்பா உயிலில் மகளுக்கென்று எழுதிவைத்த பதினைந்தாயிரமும், அது கைக்கு வராமல் கிடந்த வருஷங்களின் வட்டியும் சேர்த்து, கீழ்க்கோர்ட்டு கூட்டிச் சொன்ன தொகை.

நிலம் அண்ணனுக்கு, ரொக்கம் தங்கைக்கு. உயிலில் குழப்பம் ஒன்றும் இல்லை. குழப்பம் அதற்குப் பிறகு வந்தது. உயில் எழுதி முடித்த மறுவருஷம், சாலையோரத்து மனை ஒன்றையும் அப்பா அட்ராக்டாவின் பேருக்கு மாற்றிக் கொடுத்தார். ஏன் கொடுத்தார் என்று யாரிடமும் சொல்லாமல் செத்துப்போனார்.

"அந்த மனைதாண்டி உன் பங்கு! அதை டப்ளின்காரனுக்கு வித்துத் தின்னாச்சு. இப்ப ரொக்கமும் வேணுமா?" என்றான் ஃபெஸ்டி.

"மனை என் கல்யாணத்துக்குக் கொடுத்தது. ரொக்கம் வேற" என்றாள் அட்ராக்டா.

கீழ்க்கோர்ட்டு தங்கை பக்கம் நின்றது. அண்ணன் அப்பீல் போட்டான். "சொர்க்க வாசல் வரைக்கும் போவேன். புனித பீட்டர் கதவைத் திறந்தா அவர் கையிலயும் ஒரு மனு கொடுப்பேன்" என்று அவன் கோர்ட்டுப் படியில் நின்று கத்தியதை ஊரே கேட்டது. அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சு இல்லை.

இன்று செவ்வாய்க்கிழமை. டப்ளினிலிருந்து பெரிய கோர்ட்டு நீதிபதி ஊருக்கு வந்து அப்பீல்களைக் கேட்கும் நாள்.

அட்ராக்டா நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு இரண்டாம் வரிசையில் உட்கார்ந்திருந்தாள். நண்டு ஆலையில் ஓடு உடைத்து உடைத்துக் காய்த்துப்போன கைகளைக் கைப்பைக்கு அடியில் ஒளித்துவைத்திருந்தாள். பக்கத்தில் மகள் டெர்வ்லா. இன்றைக்காக மருந்துக்கடையில் லீவு போட்டுவிட்டு வந்திருந்தாள்.

"லாவெல் எதிர் லாவெல்" என்று பதிவாளர் முதல் வழக்காகக் கூப்பிட்டார்.

யாரும் எழவில்லை.

"மேல்முறையீடு செஞ்ச மிஸ்டர் ஃபெஸ்டஸ் லாவெல்?"

ஃபெஸ்டி செலவு தாங்காமல் போன மாதமே வக்கீலை நிறுத்திவிட்டான், தானே பேசப்போவதாகக் கேள்வி. அதனால் அவனுக்காக எழுந்து நிற்க ஒரு கறுப்புக் கோட்டும் இல்லை. காவலர் வெளியே போய் நடை முழுக்கக் கேட்கும்படி அவன் பெயரைக் கூவினார். படிக்கட்டில் சிகரெட் பிடித்துக்கொண்டிருந்த இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். இரண்டு பேரும் லாவெல் இல்லை.

அட்ராக்டா கதவையே பார்த்துக்கொண்டிருந்தாள். இப்போது வருவான். அந்தச் சிவந்த கழுத்தோடு, யாரையாவது திட்டிக்கொண்டே வருவான்.

வரவில்லை.

"தான் போட்ட அப்பீலைத் தானே நடத்த வராதவருக்காகக் கோர்ட்டு காத்திருக்க முடியாது" என்றார் நீதிபதி. குரலில் கோபம்கூட இல்லை. "தள்ளுபடி. கீழ்க்கோர்ட்டு உத்தரவு அப்படியே நிக்கும். அடுத்தது?"

அடுத்தது யாருடைய வயலிலோ தேங்கிய தண்ணீர் சமாச்சாரம். அதற்குள் நாலு பேர் எழுந்துவிட்டார்கள்.

பூட்டியிருக்கிறது என்று நினைத்துக் கதவைத் தோளால் இடித்தால், அது சும்மா சாத்தியிருந்தால், இடித்தவன் உள்ளே போய் விழுவான். அட்ராக்டா அப்படித்தான் வெளியே வந்தாள்.

"வாழ்த்துக்கள்!" என்று அவள் கையைப் பிடித்துக் குலுக்கினாள் வக்கீல் மிஸ் டுவோமி. "ஜெயிச்சாச்சு."

"யாரு ஜெயிச்சா? யாரும் ஒரு வார்த்தை பேசலையே."

"அதான் சுலபமான ஜெயம். நம்ம சாட்சி டொமினிக் பேடன்கூட வரல. நல்லவேளை, தேவைப்படல. இனிமே உங்கண்ணன் பணத்தைக் கட்டலேன்னா, கடனை நிலத்து மேல பதிஞ்சு, அதை விக்கவே வைக்கலாம்."

"நிலத்தையா?"

"வயலை, வீட்டை, எதை வேணும்னாலும்." மிஸ் டுவோமி குரலைத் தாழ்த்தினாள். "ஒண்ணு மட்டும் சொல்லிடறேன். நீதிபதி நாலு மணி வரைக்கும் இங்கதான் இருப்பார். அதுக்குள்ள உங்கண்ணன் ஓடிவந்து நல்ல காரணம் ஒண்ணு சொன்னா, மறுபடி எடுக்கச் சொல்லிக் கேக்கலாம். நாலு மணிக்கு மேல நீதிபதி கார் ஏறிட்டா முடிஞ்சுது. அதனால நீங்களா போன் போட்டு ஞாபகப்படுத்தாதீங்க."

அவள் சிரித்தாள். அட்ராக்டாவுக்குச் சிரிப்பு வரவில்லை.

எதிர்க் கடையில் டீ வாங்கி வைத்துக்கொண்டு அம்மாவும் மகளும் உட்கார்ந்தார்கள். டீ ஆறியது.

"உடம்பு சரியில்லையோ? காரு எங்கயாவது மோதிட்டானோ?"

"மனசு மாறியிருக்கும்மா."

"ஃபெஸ்டிக்கா? அவன் பிறந்த நாள்லேர்ந்து மனசு மாறினதில்ல. ஏழு வயசுல ஒரு வாத்து விஷயமா என்கிட்ட கோவிச்சுக்கிட்டான். இன்னும் அது தீரல."

டெர்வ்லா போனைத் தடவிக்கொண்டிருந்தவள் நிறுத்தினாள். "அம்மா. இன்னிக்குக் காலையில ரேடியோ கேட்டியா?"

உள்ளூர் ரேடியோவில் காலையில் மரணச் செய்தி வாசிப்பார்கள். யார் செத்தது, எத்தனை மணிக்குப் பூசை, எந்தக் கல்லறை என்று. அட்ராக்டா எந்த நாளும் அதைத் தவறவிட்டவள் இல்லை. இன்றைக்குத்தான், கோர்ட்டில் என்ன கேட்டால் என்ன சொல்வது என்று சொல்லிப் பார்ப்பதற்காக ரேடியோவை அணைத்துவிட்டு வந்திருந்தாள்.

"இல்ல. ஏன்?"

"டொமினிக் பேடன் செத்துப்போயிட்டாரு."

"எந்த டொமினிக்?"

"நம்ம சாட்சி டொமினிக். ஞாயித்துக்கிழமை ராத்திரி. இன்னிக்குப் பன்னெண்டு மணிக்குப் பூசை. சாட்சி சொல்றதுக்கு பயந்தவங்களைப் பாத்திருக்கேன், இந்த அளவுக்கு யாரும் போனதில்ல."

"வாயை மூடு." அட்ராக்டா சிலுவைக் குறி போட்டுக்கொண்டாள். பிறகு அவள் முகம் மெதுவாக மாறியது. "ஞாயித்துக்கிழமை இருட்டினதுக்கு அப்புறமா?"

"அப்படித்தான் போட்டிருக்கு."

"அப்ப அன்னிக்கு முதல் மண்ணை வெட்டி வச்சிருக்க முடியாது. வெட்டி வைக்காட்டி திங்கட்கிழமை குழியைத் திறக்க மாட்டாங்க. திங்கட்கிழமை திறந்தா அந்த வருஷத்துக்குள்ள அதே வீட்டுக்கு இன்னொண்ணு திறக்க வேண்டிவரும்பாங்க. அப்ப இன்னிக்குக் காலையிலதான் தோண்டியிருக்காங்க."

"யாரு?"

"பக்கத்து வீட்டு ஆம்பளைங்கதான், வேற யாரு? பேடன் வீட்டுக்குப் பக்கத்து வீடு எது?"

டெர்வ்லா கார்ச் சாவியை எடுத்தாள்.

கல்லறை கடலைப் பார்த்த மேட்டில் இருக்கிறது. அவர்கள் போய்ச் சேர்ந்தபோது பாதிரியார் கிளம்பிவிட்டார், பெண்கள் பேடன் வீட்டுக்குத் திரும்பிவிட்டார்கள். நாலு ஆண்கள் மட்டும் மண்ணைத் தள்ளி முடித்து, இரண்டு மண்வெட்டிகளைச் சிலுவையாகக் குழியின் மேல் வைத்துவிட்டு நின்றார்கள். ஒரு விஸ்கிப் பாட்டில் கை மாறிக்கொண்டிருந்தது.

அதில் ஒருவன் ஃபெஸ்டி. வெள்ளைச் சட்டை, கறுப்பு டை, முட்டி வரை களிமண். அவன் கோட்டு யாரோ ஒருவருடைய கல்லறைக் கல்லின் மேல் தொங்கியது.

தங்கையைப் பார்த்ததும் பாட்டிலைக் கொடுத்துவிட்டு வந்தான்.

"வந்துட்டியா? நல்லது. அவன் சாவுக்கு வந்தது நல்லது." கையைக் காற்சட்டையில் துடைத்தான். "கேஸு மத்தியானத்துக்கு மேலதானே? போன தடவை சாயங்காலம் வரைக்கும் உக்கார வச்சு அனுப்பினாங்களே. மூஞ்சியைக் கழுவிட்டு நேரா அங்கதான் வரேன்."

அவன் வேண்டுமென்றே வரவில்லை என்றுகூட அட்ராக்டா நினைத்திருந்தாள். இவனோ இன்னும் கோர்ட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருக்கிறான்.

"ஃபெஸ்டி, முதல் கேஸா கூப்பிட்டுட்டாங்க. நீ இல்ல. தள்ளுபடி பண்ணிட்டாங்க."

"தள்ளுபடின்னா?"

"நீ தோத்துட்ட."

"நான் இன்னும் ஒண்ணும் சொல்லவே இல்லையே!"

"நானும்தான் சொல்லல."

அவன் அந்தப் புது மண்ணைத் திரும்பிப் பார்த்தான். "பாறை" என்றான். "இடுப்பளவு போனதும் ஒரு பாறை. கன்னுக்குட்டி அளவு. அதை உடைச்சுத் தூக்கி வெளிய போட எவ்வளவு நேரம் தெரியுமா? இல்லாட்டி விடிஞ்ச கொஞ்ச நேரத்துலயே முடிச்சிருப்போம். நாங்க நாலு பேருதான். நடுவுல ஒருத்தன் கிளம்பிப் போனா, பொட்டியோட வந்து நிக்கிறவங்களுக்கு என்ன பதில் சொல்றது?"

"ஒரு போன் போட்டிருக்கலாமே மாமா" என்றாள் டெர்வ்லா.

"யாருக்கு? நீதிபதிக்கா? அவரு நம்பர் என்கிட்ட இல்லம்மா."

அப்போது அட்ராக்டாவின் வாயிலிருந்து ஒரு வார்த்தை வந்தது. அவள் அதை யோசித்துச் சொல்லவில்லை.

"நாலு மணி வரைக்கும் நீதிபதி இருப்பாரு. இப்பவே போய் காரணத்தைச் சொன்னா மறுபடி எடுப்பாங்களாம்."

"அம்மா!" என்றாள் டெர்வ்லா.

ஃபெஸ்டி தங்கையை ஒரு மாதிரி பார்த்தான். சந்தையில் விலை ரொம்பக் குறைவாகச் சொல்லப்பட்ட மாட்டை அப்படித்தான் பார்ப்பார்கள், எங்கே நொண்டுகிறது என்று.

"போய் எதை வச்சுப் பேசுறது? என் சாட்சி இங்க கிடக்கான்."

"உன் சாட்சி யாரு?"

"டொமினிக்தான்."

"டொமினிக் என் சாட்சி!"

"என் சாட்சி! மனையோட அவ கணக்கு முடிஞ்சுதுன்னு உங்கப்பா சொன்னாரு, கோர்ட்டுல வந்து சொல்றேன்னு, சதுப்புல அடுப்புக் கரிமண் வெட்டுறப்ப என் மூஞ்சியைப் பாத்துச் சொன்னான்."

"மனையைக் கணக்குல சேர்க்கலேன்னு உங்கப்பா சொன்னாரு, வந்து சொல்றேன்னு என் சமையலறையில உக்காந்து சொன்னாரு. ரெண்டு துண்டு கேக்கும் தின்னாரு!"

மற்ற மூன்று பேரும் கடலைப் பார்த்தார்கள். கடலில் ஒன்றும் இல்லை. கடைசியில் மூத்தவர் தொண்டையைக் கனைத்தார்.

"நல்ல மனுஷன்" என்றார். "யாருகிட்டயும் இல்லேன்னு சொன்னதே கிடையாது."

பேடன் வீட்டுச் சமையலறையில் ஆவியும் ஈரக் கோட்டு வாசனையும். பன்றி இறைச்சி வைத்த சாண்ட்விச் தட்டுகள் தலைக்கு மேலே கை மாறிப் போய்க்கொண்டிருந்தன. அண்ணனும் தங்கையும் ஒன்றாக உள்ளே வந்ததும் பேச்சு ஒரு கணம் நின்று, பிறகு அளவுக்கு மீறிச் சத்தமாகத் தொடங்கியது.

டொமினிக்கின் மனைவி நோனி அடுப்போரம் உட்கார்ந்திருந்தாள். இருவரும் வரிசையில் நின்று அவள் கையைப் பிடித்தார்கள்.

"உங்க துக்கத்துல நாங்களும் இருக்கோம் நோனி."

அவள் இருவர் கையையும் விடவில்லை. "கதவைச் சாத்துங்க" என்று உள்ளறையைக் காட்டி அவர்களைக் கூட்டிப்போனாள்.

"உங்க ரெண்டு பேருக்கும் அவர் என்ன வாக்கு கொடுத்தார்னு எனக்குத் தெரியும்" என்றாள். "ஞாயித்துக்கிழமை முழுக்க அதையேதான் புலம்பிக்கிட்டிருந்தாரு. செவ்வாய்க்கிழமை எந்தப் பக்கம் உக்காருறது நோனி, எந்தப் பக்கம் உக்காருறதுன்னு. பாவம், எந்தப் பக்கமும் உக்கார வேண்டாமா போச்சு."

"உண்மையில எங்கப்பா அவர்கிட்ட என்னதான் சொன்னாரு?" என்று கேட்டாள் அட்ராக்டா.

"ஒண்ணும் சொல்லல."

இருவரும் விழித்தார்கள்.

"உங்கப்பா போற அன்னிக்கு ராத்திரி, உங்க செவலைப் பசு கன்னு போட முடியாம கிடந்துது. ஃபெஸ்டியும் டொமினிக்கும் தொழுவத்துல. நீ மழையில வழியில மாட்டிக்கிட்ட. உங்கப்பாகூட இருந்தது நான். அவர் பேசினது என்கிட்ட."

"அப்ப இத்தனை வருஷம் ஏன் சொல்லல?" ஃபெஸ்டியின் கழுத்து சிவந்தது.

"யாருப்பா கேட்டீங்க? உன் வக்கீலும் கேக்கல, அவ வக்கீலும் கேக்கல. நான் வலிய வந்து சொன்னா என் புருஷன் ஊருக்குப் பொய்யன் ஆவாரு. அந்தப் பொய்யன்கூடத்தானே நான் ராத்திரி சாப்பிட உக்காரணும்?"

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"இன்னிக்குச் சொல்ல மாட்டேன். அவருக்கு மாசப் பூசை முடியட்டும். அதுக்கப்புறம் யார் வந்து கேட்டாலும் சொல்றேன். ஆனா ஒண்ணு. நான் வாயைத் திறந்தா, உங்கள்ல ஒருத்தர் மத்தவர் மூஞ்சியைப் பாக்க முடியாது. அதைத் தெரிஞ்சுக்கிட்டு வாங்க."

வெளியே தூறல். முற்றத்தில் டெர்வ்லா காரை இயக்கி வைத்திருந்தாள். இப்போது கிளம்பினால் நாலு மணிக்குள் கோர்ட்டைப் பிடிக்கலாம்.

அட்ராக்டாவின் தலைக்குள் ஒன்றும் நிற்கவில்லை. காலையில் அவள் ஜெயித்தவள். மத்தியானம் சாட்சி இல்லாதவள். இப்போது, ஒருவேளை, அண்ணன் காசை அநியாயமாகக் கேட்டவள். அல்லது அவன் அநியாயமாகக் கொடுக்காதவன். அப்பா யாரைப் பார்த்து என்ன நினைத்தார்? அந்தச் செவலைப் பசு மட்டும் அன்றைக்குக் கன்று போடாமல் இருந்திருந்தால்!

ஃபெஸ்டி கோட்டின் உள்பையிலிருந்து ஒரு பணக்கட்டை எடுத்தான். ரப்பர் போட்ட நோட்டுகள்.

"ஒம்பதாயிரம்" என்றான். "தோத்தா அங்கேயே எண்ணிக் கொடுத்துட்டு வரணும்னு எடுத்து வச்சேன். என்கிட்ட இருக்குறது அவ்வளவுதான். மீதிக்கு மேட்டு வயலை விக்கணும்."

"இதைப் பையில வச்சுக்கிட்டா குழி தோண்டின?"

"கோட்டு ஒரு கிழவியோட கல்லறைக் கல்லு மேல கிடந்துது. அவ பத்திரமாப் பாத்துக்குவா."

அட்ராக்டா சிரித்துவிட்டாள். சிரித்ததும் அழுகையும் வந்தது. மழைதான் என்று சொல்லிக்கொள்ளலாம்.

"ஃபெஸ்டி, கோர்ட்டுக்குப் போறியா?"

"நீ போகச் சொல்றியா?"

"எனக்கே தெரியல. நீ போய் மறுபடி கேஸை எடுக்க வச்சா, நோனியைத்தான் கூண்டுல ஏத்தணும். நோனி சொல்லிட்டா நம்மள்ல ஒருத்தர் திருட்டுப் பேர் எடுக்கணும். இப்ப, இந்த நிமிஷம், நீயும் ஏமாத்தல, நானும் ஏமாத்தல. ரெண்டு பேரும் அப்பா சொன்னதா நினைச்சதைத்தான் பேசினோம்."

"அதுக்கு?"

"இப்பவே முடிச்சுக்கலாம். தெரியறதுக்கு முன்னால."

ஃபெஸ்டி காரின் கடிகாரத்தைப் பார்த்தான். தங்கையைப் பார்த்தான். "ஒம்பதாயிரமா? உனக்கு எழுதியிருக்குறது அதுக்கு ரெட்டிப்புக்கு மேல."

"என் கூரை ஒழுகுறதை நிறுத்த அது போதும். மேட்டு வயலை டப்ளின்காரனுக்கு நீயும் வித்தா, அப்பா எந்திரிச்சு வந்துடுவாரு. அந்தக் குழியையும் நீதான் மூடணும்."

அவன் நெடுநேரம் நின்றான். பிறகு உள்ளங்கையில் துப்பி, கையை நீட்டினான். சந்தையில் மாடு படியும்போது செய்வது போல. ஆனால் சந்தையில் இரண்டு கையையும் பிடித்துச் சேர்த்து அறைவதற்கு நடுவில் ஒரு ஆள் வேண்டும். இந்த ஊரில் அந்த வேலையை எப்போதும் செய்தவன் டொமினிக்.

"நடுவுல ஆள் வேணும்" என்றான் ஃபெஸ்டி.

இருவரும் டெர்வ்லாவைப் பார்த்தார்கள்.

"நான் மருந்துக்கடையில வேலை பாக்குறவ. எச்சில் துப்பின கையைத் தொட மாட்டேன்."

"இறங்குடி."

அவள் இறங்கினாள். முகத்தைச் சுளித்துக்கொண்டே மாமாவின் மண் கையையும் அம்மாவின் காய்த்த கையையும் பிடித்து, ஓங்கி ஒரு அறையாகச் சேர்த்து வைத்தாள். சமையலறைச் சன்னலில் அடைந்திருந்த முகங்கள் சட்டென்று விலகின.

அட்ராக்டா பணக்கட்டை வாங்கி, அதிலிருந்து ஒரு ஐம்பது யூரோ நோட்டை உருவி அவன் பையில் திணித்தாள். விற்றவர் வாங்கியவருக்கு ராசிக்காகத் திருப்பித் தரும் காசு. அது இல்லாமல் எந்தப் பேரமும் முடிந்ததாகாது.

"மாசப் பூசைக்கு வருவியா?" என்று கேட்டான் ஃபெஸ்டி.

"வருவேன்."

"அதுக்கப்புறம் நோனிகிட்ட?"

அவள் பணக்கட்டைக் கைப்பைக்குள் வைத்து மூடினாள். கேட்டவன் பதிலுக்குக் காத்திருக்கவில்லை. இருவருக்கும் பின்னால், உள்ளறைச் சன்னலில் ஒரு திரை அசைந்து நின்றது.

ஊர்க் கோயில் மணி நாலடித்தது. டப்ளின் நீதிபதி இந்நேரம் கார் ஏறியிருப்பார். அட்ராக்டா போனை எடுத்தாள்.

"மிஸ் டுவோமி? அட்ராக்டா பேசறேன். எங்கண்ணன் கடன் தீந்துடுச்சு. எழுதிக்கோங்க."

"தீந்துதா? முழுசாவா? பதினெட்டாயிரத்து அறுநூத்தம்பதுமா?"

மண் ஒட்டிய கையை நல்ல கோட்டில் துடைத்துக்கொண்டு அட்ராக்டா சொன்னாள்.

"முழுசா. ஒரு சென்ட்டு பாக்கி இல்ல."